ஐந்தாம் இடமா, சொந்தப் பெயரா: 1988-இல் குக்கி க்ரூ முன்னால் கிடந்த வழிகள்

1988 ஜனவரியில் பிரிட்டனின் சிங்கிள்ஸ் பட்டியலில் (தனிப்பாட்டுகளின் விற்பனை வரிசை) ஐந்தாம் இடம் வரை ஏறிய பாட்டு ‘ராக் டா ஹவுஸ்’. போட்டதும் மனதைப் பிடிப்பது இரண்டு பெண்களின் குரல்தான். ஒரு குரல் வரியை முடிப்பதற்குள் இன்னொன்று வந்து சேர்ந்துகொள்கிறது. கேட்கிறவருக்கு மூச்சுவிட இடம் இல்லை. ஆனால் இசைத்தட்டில் அச்சாகியிருப்பதைப் பார்த்தால் முதலில் இருக்கும் பெயர் ‘தி பீட்மாஸ்டர்ஸ்’. அதற்கு அப்புறம்தான் ‘ஃபீச்சரிங் தி குக்கி க்ரூ’, அதாவது விருந்தாளியாக வந்தவர்கள் என்ற மாதிரி.

அந்த ‘ஃபீச்சரிங்’ என்ற சொல்லை வைத்துத்தான் இதை எழுத உட்கார்ந்தேன்.

குக்கி க்ரூ என்றால் தெற்கு லண்டன் கிளாப்பம் பகுதியைச் சேர்ந்த டெபி பிரைஸும் சூசன் பான்ஃபீல்டும். மேடையில் எம்.சி. ரெமிடி, சூசி கியூ. 1983-இல் பத்துப் பேருக்கும் மேல் இருந்த ஒரு பெரிய கூட்டமாகத் தொடங்கியது, கடைசியில் இவர்கள் இருவராக நின்றது. பிரிட்டனில் ராப் என்றாலே அமெரிக்காவிலிருந்து இறக்குமதியான சரக்கு என்று நினைத்த காலம். அதில் இரண்டு கறுப்பினப் பெண்கள் ஐந்தாம் இடத்துக்கு வந்துவிட்டார்கள். அடுத்த பாட்டுக்கு எந்தப் பக்கம் போவது? அவர்கள் எடுத்த முடிவு எல்லோருக்கும் தெரியும்: வெற்றி கொடுத்த ஹவுஸ் இசையை, அதாவது ஒரே சீரான வேகத் தாளத்தில் ஓடும் நடன இசையை, விட்டுவிட்டு ஹிப் ஹாப்பின் பக்கம் போனார்கள். 1989-இல் ஒரு ஆல்பம், 1991-இல் இன்னொன்று, அதோடு இருவர் அணி ஓய்ந்துவிட்டது. ‘வாசல் தேடி வந்த அதிர்ஷ்டத்தைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள்’ என்று பழைய பிரிட்டிஷ் ராப்பை ரசிக்கிறவர்கள் சொல்வதுண்டு. எனக்கு இதில் உடன்பாடு இல்லை. ஏன் என்று சொல்ல, அன்றைக்கு அவர்கள் முன்னால் இருந்த வழிகளை ஒன்றோடு ஒன்று வைத்துப் பார்க்க வேண்டும். நல்லவேளையாக, அந்த வழிகளில் எல்லாம் அதே ஊரிலிருந்து, அதே இரண்டு மூன்று வருடத்துக்குள், வேறு பெண்கள் நடந்து காட்டியிருக்கிறார்கள். அதனால் வெறும் ஊகமாகப் பேச வேண்டியதில்லை.

முதல் வழி, இருந்த இடத்திலேயே இருப்பது. பீட்மாஸ்டர்ஸ் மூன்று பேர்: பால் கார்ட்டர், மாண்டா கிளான்ஃபீல்ட், ரிச்சர்ட் வால்ம்ஸ்லி. விளம்பர இசை செய்து கை தேர்ந்தவர்கள். பத்து விநாடியில் கேட்பவரின் காதைப் பிடிக்கிற வித்தை தெரிந்தவர்கள். லண்டனுக்கு அப்போதுதான் ஹவுஸ் பித்துப் பிடித்திருந்தது. 1987 கடைசியில் மார்ஸ் கூட்டணியின் ‘பம்ப் அப் தி வால்யூம்’ முதலிடம். 1988 பிப்ரவரியில் பாம் தி பாஸ் இரண்டாம் இடம், ஏப்ரலில் எஸ்-எக்ஸ்பிரஸ் முதலிடம். ‘ராக் டா ஹவுஸ்’ வெளியிட்ட ரிதம் கிங் என்ற சின்ன லேபிள்தான் (இசைத்தட்டு நிறுவனம்) கடைசி இரண்டையும் வெளியிட்டது. அலை வேகமாக வந்துகொண்டிருந்தது, இவர்கள் ஏற்கெனவே அதன் மேல் நின்றுகொண்டிருந்தார்கள். காசுக் கணக்கு மட்டும் பார்க்கிறவர்கள் வேறு வழியை யோசித்தே பார்த்திருக்க மாட்டார்கள்.

ஆனால் ராப் செய்கிறவர் பக்கத்திலிருந்து பாருங்கள். ஹவுஸ் நிமிடத்துக்கு 120 தட்டு அளவில் ஓடும். நான்கு தட்டிலும் பாஸ் டிரம் ஒரே சீராக ‘தும் தும் தும் தும்’ என்று விழும். அந்தக் காலத்து ஹிப் ஹாப் பெரும்பாலும் நூறை ஒட்டித்தான், தட்டுக்கும் தட்டுக்கும் நடுவே காலி இடம் நிறைய. ராப் செய்கிறவர் விளையாடுவது அந்தக் காலி இடத்தில்தான். ஒரு சொல்லைக் கொஞ்சம் தாமதமாகப் போடலாம், வரியின் நடுவில் நிறுத்தலாம், ஒரு கேலியைச் சொல்லிவிட்டு அது கேட்பவருக்கு உறைக்கும் வரை காத்திருக்கலாம். ஹவுஸ் தாளத்தில் காத்திருந்தால் வண்டி போய்விடும். அதனால் வரிகள் குறுகும், கோஷமாகும். ‘ராக் டா ஹவுஸ்’ அந்தக் கோஷத்தை அருமையாகச் செய்த பாட்டு, அதை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஹவுஸ் தாளத்தின் மேல் ராப் செய்யும் ஹிப் ஹவுஸ் என்ற வகைக்கே இதுதான் முதல் பாட்டு என்று ஒரு தரப்பு இன்றும் சொல்கிறது. இல்லை, நாங்கள்தான் முன்னோடி என்பது சிகாகோவின் டைரீ கூப்பர், ஃபாஸ்ட் எடி தரப்பு. அந்த வழக்கு தீராது. எது எப்படியோ, பெண்கள் இருவருக்கும் அந்தப் பட்டமே வேண்டாமென்று இருந்தது. தங்களை ஹிப் ஹாப் கலைஞர்களாகத்தான் பார்த்தார்கள். ஹிப் ஹவுஸ் என்ற முத்திரை விழுந்ததில் அவர்களுக்கு வருத்தம்தான்.

இதில் ஒரு அநியாயம் இருக்கிறது. அதே 1988-இல் நியூயார்க்கின் ஜங்கிள் பிரதர்ஸ், டாட் டெரியின் ஹவுஸ் இசையின் மேல் ராப் செய்து ‘ஐல் ஹவுஸ் யூ’ என்று வெளியிட்டார்கள். அவர்களை யாரும் ‘நீங்கள் உண்மையான ஹிப் ஹாப்தானா’ என்று கேட்கவில்லை. துணிச்சலான சோதனை என்று கைதட்டினார்கள். நியூயார்க் பையன்களுக்கு அந்தச் சலுகை பிறந்த ஊராலேயே கிடைத்துவிட்டது. கிளாப்பம் பெண்கள் அதையே முன்னதாகச் செய்தபோது, பாப் பாட்டுக்குக் குரல் கொடுத்தவர்கள் என்ற பேச்சுதான் மிஞ்சியது. இதை யோசித்தால் அவர்கள் ஏன் அந்த வெற்றியிலிருந்து தள்ளி நிற்க நினைத்தார்கள் என்பது புரியும்.

முதல் வழியில் தொடர்ந்து போயிருந்தால் என்ன கிடைத்திருக்கும்? அதற்கு சாட்சி பெட்டி பூ. அலிசன் கிளார்க்சன் என்ற அந்த லண்டன் பெண் முதலில் ஷீ ராக்கர்ஸ் என்ற பெண்கள் ராப் குழுவில் இருந்தவர். பப்ளிக் எனிமி என்ற அமெரிக்க ராப் குழுவின் புரொஃபசர் கிரிஃப் மேற்பார்வையில் அமெரிக்காவில் வேலை செய்து பார்த்துவிட்டுத் திரும்பியவர். 1989-இல் பீட்மாஸ்டர்ஸோடு சேர்ந்து ‘ஹே டிஜே’ பாடினார். ஏழாம் இடம். அப்போது அவர் பெயரும் ‘ஃபீச்சரிங்’தான். ஆனால் அதற்கு அடுத்த வருடமே சொந்தப் பாட்டுகளோடு வந்தார். ‘டூயின் தி டூ’ ஏழாம் இடம், ‘வேர் ஆர் யூ பேபி’ மூன்றாம் இடம், ‘பூமேனியா’ ஆல்பம், 1991-இல் புதுமுகத்துக்கான பிரிட் விருது. ஆக அந்த வழியில் லாபம் இருந்தது, சந்தேகமே இல்லை. ஆனால் கவனிக்க வேண்டிய ஒன்று: பெட்டி பூவின் பாட்டுகளை எழுதியவர் பெட்டி பூவேதான், தயாரிப்பிலும் அவர் கை இருந்தது. பாப் இசை அவருக்குப் பிடித்தும் இருந்தது. பீட்மாஸ்டர்ஸ் அவருக்கு ஏறிப்போகிற படி. குக்கி க்ரூவுக்கு அது தங்கிவிட வேண்டிய வீடாக ஆகியிருக்கும், பிடிக்காத வீடாக. பிடிக்காத இசையில் இரண்டாவது பெயராக மூன்று வருடம் இருப்பது எப்படிப்பட்ட வாழ்க்கை என்று நினைத்துப் பார்த்தால், பட்டியலில் இன்னும் இரண்டு பத்துக்குள் இடங்கள் கிடைத்திருந்தாலும் எனக்கு அது பெரிதாகப் படவில்லை.

சரி, அவர்கள் போன வழிக்கு வருவோம். பீட் டாங் நடத்திய எஃப்எஃப்ஆர்ஆர் லேபிளில் சேர்ந்தார்கள். தயாரிப்புக்கு நியூயார்க்கின் ஸ்டெட்சாசானிக் ராப் குழுவினர், டேவி டி போன்றவர்கள். அன்றைய நிலையில் இது சின்ன விஷயம் இல்லை. ஸ்டெட்சாசானிக் மேடையில் உண்மையான டிரம்ஸ் வைத்து வாசித்த குழு. அவர்களின் டாடி-ஓ போன்ற ஒருவர் லண்டன் பெண்களுக்கு இசை அமைத்துத் தர ஒப்புக்கொண்டார் என்றால், ராப்பில் இவர்களுக்குத் திறமை உண்டு என்று தாய்வீடே கையெழுத்துப் போட்டது மாதிரி. 1989-இல் ‘பார்ன் திஸ் வே’ ஆல்பம் வந்தது. அதிலிருந்து ‘காட் டு கீப் ஆன்’ பதினேழாம் இடம். ஆல்பத்தின் பெயரைக் கொண்ட பாட்டு இருபத்து மூன்றாம் இடம்.

ஐந்துக்கும் பதினேழுக்கும் உள்ள தூரத்தைப் பார்த்துத்தான் தோல்வி என்கிறார்கள். எனக்கு இந்தக் கணக்கு சரியாகப் படவில்லை. ஐந்தாம் இடம் பீட்மாஸ்டர்ஸின் பாட்டுக்கு. பதினேழாம் இடம் குக்கி க்ரூவின் பாட்டுக்கு. முதலாவதில் ஊரே ஆடிக்கொண்டிருந்த தாளம் பாதி வேலையைச் செய்தது. இரண்டாவதில் தாளம் இவர்களுக்காக ஒதுங்கி நின்றது. பிரிட்டிஷ் ராப்புக்கு வானொலியிலும் கடைகளிலும் கிடைத்த இடம் எவ்வளவு குறைவு என்பதையும் சேர்த்துப் பார்த்தால், சொந்தப் பெயரில் முதல் இருபதுக்குள் வந்தது பெரிய காரியம்.

இந்த இரண்டு பாட்டையும் நான் ஒருநாள் ராத்திரி ஹெட்போனில் அடுத்தடுத்துப் போட்டுக் கேட்டேன், இசையை மறந்து குரலை மட்டும் பின்தொடர்ந்து. ‘ராக் டா ஹவுஸ்’ முடிந்தபோது இரண்டு குரலில் எது யாருடையது என்று என்னால் பிரித்துச் சொல்ல முடியவில்லை. இரண்டும் ஒரே உயரத்தில், ஒரே வேகத்தில், தாளத்தோடு போட்டி போட்டுக்கொண்டு ஓடுகின்றன. ‘காட் டு கீப் ஆன்’ ஓடத் தொடங்கியதும் பழைய ஃபங்க் நடையில் பாஸ் நிதானமாக உருள்கிறது, அதன் மேல் குரல்கள் சாய்ந்து உட்காருகின்றன. எங்கே ஒருவர் மூச்சு இழுக்கிறார், எங்கே மற்றவர் உள்ளே வருகிறார் என்பது கேட்கிறது. இரண்டாவது தடவை போட்டபோது இது ஒருவர், இது மற்றவர் என்று காது தானாகவே பிரித்துக்கொண்டது. இருவர் அணிக்கு இதைவிட வேறு என்ன வேண்டும்?

இந்த வழியில் குறை இல்லாமல் இல்லை. முதல் குறை காலம். நியூயார்க்கின் ரசனை ஆறு மாதத்துக்கு ஒருமுறை மாறிக்கொண்டிருந்தது. லண்டனிலிருந்து போய் அங்கே உள்ளவர்களோடு சேர்ந்து செய்து, திரும்பி வந்து வெளியிடுவதற்குள் சரக்கு கொஞ்சம் ஆறிப்போகும். 1991-இல் வந்த ‘ஃபேட் டு பிளாக்’ ஆல்பத்துக்கு கேங் ஸ்டார் என்ற அமெரிக்க ராப் இரட்டையர் வரை வந்து வேலை செய்தார்கள். அந்தப் பெயரைக் கேட்டாலே ஹிப் ஹாப் ரசிகர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள். ஆனாலும் பிரிட்டனில் அது பெரிதாக எடுபடவில்லை. இரண்டாவது குறை இன்னும் முக்கியமானது: உச்சரிப்பு. அந்தத் தலைமுறையின் பிரிட்டிஷ் ராப் கலைஞர்கள் பலரைப் போலவே இவர்களும் மைக் முன்னால் வந்தால் அமெரிக்க உச்சரிப்புக்குப் போய்விடுவார்கள். கிளாப்பம் தெருவில் பேசுகிற பேச்சு பாட்டில் அதிகம் கேட்பதில்லை. அப்படியானால் அமெரிக்காவில் கேட்பவருக்கு இவர்கள் ஏற்கெனவே தெரிந்த ஒன்றின் இன்னொரு பிரதி, பிரிட்டனில் கேட்பவருக்கு வெளியூர்க் குரல். அதே 1988-இல் அமெரிக்கப் பெண்கள் ராப் குழு சால்ட்-என்-பெப்பா வெம்ப்ளியில் நடந்த மண்டேலா பிறந்தநாள் நிகழ்ச்சியில் பாடிவிட்டுப் போக, ‘புஷ் இட்’ பிரிட்டனில் இரண்டாம் இடத்துக்கு ஏறியது. அசலே விமானம் ஏறி வந்து இப்படிப் பாடிவிட்டுப் போகும்போது அதே நடையில் போட்டி போடுவது கஷ்டம்.

இந்த இடத்தில்தான் மூன்றாவது வழி எனக்குச் சுவாரசியமாகிறது. வீ பாப்பா கேர்ல் ராப்பர்ஸ், சாண்ட்ரா லாரன்ஸ், சமந்தா லாரன்ஸ் என்ற லண்டன் இரட்டைச் சகோதரிகள். குக்கி க்ரூவுக்கு நேர் போட்டி என்று சொல்லத்தக்க இன்னொரு இருவர் அணி. ஜைவ் லேபிள். 1988-இல் முதலில் ஜார்ஜ் மைக்கேலின் ‘ஃபெய்த்’ பாட்டைத் தங்கள் பாணியில் செய்தார்கள். அடுத்து ‘ஹீட் இட் அப்’. அதில் உடன் இருந்தவர்கள் ஃபைன் யங் கானிபல்ஸ் குழுவின் ஆண்டி காக்ஸ், டேவிட் ஸ்டீல். இருபத்தோராம் இடம். அப்புறம் வந்தது ‘வீ ரூல்’. அதில் அமெரிக்கா பக்கமே திரும்பவில்லை. ஜமைக்கா டான்ஸ்ஹால் தாளம், கரீபியக் குடும்பங்களில் வளர்ந்த லண்டன் பிள்ளைகளின் பேச்சு. ஆறாம் இடம்!

அமெரிக்காவைத் தேடிப் போகாமல், ஹவுஸிலும் கரைந்துபோகாமல், தங்கள் தெருவின் நாக்கிலேயே பாடி, தங்கள் பெயரிலேயே முதல் பத்துக்குள். வருத்தம் என்னவென்றால் அவர்கள் அதைப் பிடித்துக்கொள்ளவில்லை. ஒவ்வொரு சிங்கிளும் ஒவ்வொரு கடையில் வாங்கிய துணி மாதிரி. ஒருநாள் பாப் மறுபாடல், ஒருநாள் ஹவுஸ், ஒருநாள் டான்ஸ்ஹாலைச் சேர்ந்த ரகா. 1990-இல் இரண்டாம் ஆல்பம் ‘பி அவேர்’ வந்தது, அதில் ‘வீ ரூல்’ அளவுக்கு எதுவும் எடுபடவில்லை. இது லேபிளின் அவசரமா, அவர்களின் விருப்பமா என்ற விவாதத்துக்குள் நான் போகவில்லை. பாட்டுகளை வரிசையாகக் கேட்டால் ஒரு குரல் உருவாகி வந்து பாதியில் விட்டுப்போனது தெரியும்.

அந்தக் குரல் வழியாகத்தான் பிரிட்டிஷ் இசை பின்னால் நடந்தது. 1990-இல் லண்டன் போஸி என்ற ராப் குழுவின் ‘கேங்ஸ்டர் க்ரானிக்கிள்’ லண்டன் பேச்சையும் ஜமைக்கப் பேச்சையும் ஒளிக்காமல் வைத்தது. பிறகு ஜங்கிள், கராஜ், கிரைம் என்று பிரிட்டனில் வளர்ந்த இசை வகைகள் எல்லாவற்றிலும் அந்தப் பேச்சுதான். மிஸ் டைனமைட் 2002-இலும், ஸ்பீச் டெபெல் 2009-இலும், லிட்டில் சிம்ஸ் 2022-இலும் வருடத்தின் சிறந்த ஆல்பத்துக்கான மெர்க்குரி பரிசு வாங்கினார்கள், மூவரும் லண்டன் உச்சரிப்பில் ராப் செய்கிறவர்கள். ஈழத் தமிழ்க் குடும்பத்திலிருந்து வந்த நம் மாயா அருள்பிரகாசம், எம்.ஐ.ஏ. என்ற பெயரில் 2005-இல் ‘அருளர்’ ஆல்பம் கொண்டுவந்தபோது, அவர் உச்சரிப்பைக் கேட்டு யாரும் இவர் ஏன் நியூயார்க்காரர் மாதிரி இல்லை என்று கேட்கவில்லை. 1988-இல் மைக் பிடித்த பெண்களுக்கு அந்தச் சுதந்திரம் இல்லை.

நான்காவது வழியைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம், ஏனென்றால் அது இருவருக்கான வழியே இல்லை. பேட்டர்சியில் வளர்ந்த மோனி லவ் நியூயார்க்குக்கே குடிபோனார். 1989-இல் அமெரிக்க ராப் பாடகி குயின் லத்தீஃபாவோடு ‘லேடீஸ் ஃபர்ஸ்ட்’, 1990-இல் ‘டவுன் டு எர்த்’ ஆல்பம், இரண்டு கிராமி பரிந்துரைகள். ஜங்கிள் பிரதர்ஸ், டி லா சோல் எல்லோரும் இருந்த வட்டத்துக்குள் அவரை ஒரு தங்கையாகவே சேர்த்துக்கொண்டார்கள். கணக்குப் பார்த்தால் நால்வழியிலும் அமெரிக்காவில் அதிகம் எட்டியது இதுதான். ஆனால் அவர் தனி ஆள். ஒரு பெட்டியைத் தூக்கிக்கொண்டு போகலாம். இரண்டு பேர், இரண்டு குடும்பம், ஒரு பிரிட்டிஷ் லேபிளோடு ஒப்பந்தம் என்று இருக்கும்போது ‘நாளைக்கே கிளம்பலாம்’ என்று சொல்ல முடியாது. அந்த வட்டத்திலும் ஒருவருக்குத்தான் நாற்காலி இருந்திருக்கும் என்பது என் எண்ணம்.

அப்படியானால் 1988 ஜனவரியில் அந்த இருவரும் என்னிடம் வந்து ‘என்ன செய்யலாம்’ என்று கேட்டிருந்தால்? நான் அவர்கள் போன வழியைத்தான் சொல்லியிருப்பேன், ஒரே ஒரு திருத்தத்தோடு. தாளத்துக்கு நியூயார்க் போங்கள், ஸ்டெட்சாசானிக்கிடம் வேலை வாங்குங்கள், பாட்டைச் சொந்தப் பெயரில் வெளியிடுங்கள். பேச்சை மட்டும் கிளாப்பத்திலிருந்து கொண்டுபோங்கள். அதே வருட இலையுதிர் காலத்தில் ‘வீ ரூல்’ ஆறாம் இடம் போனது, அந்தப் பேச்சை பிரிட்டன் வாங்கத் தயாராக இருந்தது என்பதற்கு அத்தாட்சி. டாடி-ஓவின் தாளமும் தெற்கு லண்டன் நாக்கும் சேர்ந்து ஒரு ஆல்பம் வந்திருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று நான் பலமுறை நினைத்துப் பார்த்திருக்கிறேன். ஆனால் இந்த யோசனை முப்பது வருடத்துக்கும் மேல் கழித்து வீட்டில் உட்கார்ந்துகொண்டு சொல்வது. அன்றைக்கு லண்டன் உச்சரிப்பில் ராப் செய்தால் மேடையில் சிரிப்பார்கள் என்ற பயம் நிஜமாகவே இருந்தது. அந்தப் பயத்தைத் தாண்டவில்லை என்று இருபது வயதை ஒட்டிய இரண்டு பெண்களைக் குறை சொல்ல எனக்கு மனசு வராது. பீட்மாஸ்டர்ஸை விட்டதற்குக் குறை சொல்லவே மாட்டேன்.

இதுவரை இவர்களைக் கேட்டதே இல்லை என்றால் எங்கே தொடங்குவது என்பதும் ஒரு கேள்வி. ஆட வேண்டும் என்றால் ‘ராக் டா ஹவுஸ்’, தயங்கவே வேண்டாம். பிரிட்டிஷ் ராப் எங்கே போகப் போகிறது என்று மோப்பம் பிடிக்க வேண்டும் என்றால் ‘வீ ரூல்’. இரண்டு பேர் ஒரு பாட்டை எப்படிப் பங்கு போட்டுக்கொள்கிறார்கள் என்று கேட்க ஆசை இருந்தால் ‘காட் டு கீப் ஆன்’ போடுங்கள். ஒரு தடவை போதாது, இரண்டாம் தடவையும் போடுங்கள். அப்போதுதான் ரெமிடி எங்கே நிறுத்துகிறார், சூசி கியூ எங்கே எடுக்கிறார் என்பது பிடிபடும்.